இரண்டு தடையாணைகள்

கொங்கு நாட்டுக் குடியானவர் ஒருவரிடம், "உமக்கு என்ன சொத்து?" என்று கேட்டுப் பாருங்கள். ஏக்கர்க் கணக்கை அவர் பிறகுதான் சொல்வார். "ஒரு கிணறு உண்டு" என்பதே முதல் விடையாக வரும். ஆற்று நீர் பாயும் தஞ்சைத் தரணியில் நிலமே சொத்து. மழை மறைவில் கிடக்கும் கோவைச் சமவெளியிலோ, நிலத்துக்கு அடியில் இருக்கும் நீரே சொத்து. ஆண்டு முழுதும் 700 மில்லிமீட்டரை எட்டாத மழையை நம்பி வாழும் அந்த மண்ணில், கிணறு உள்ள நிலத்துக்குத் தோட்டம் என்று பெயர். கிணறு இல்லாத நிலத்துக்குக் காடு என்று பெயர். தோட்டம் என்றால் மஞ்சளும் கரும்பும் வாழையும் தென்னையும். காடு என்றால் சோளமும் கம்பும் கொள்ளும். வானம் பொய்த்தால் அவையும் இல்லை.

பாறையை உடைத்து, கவலை பூட்டி, காளைகளை முன்னும் பின்னும் நடத்தி நீர் இறைத்த தலைமுறை ஒன்று அங்கே வாழ்ந்தது. 1932-ல் பைக்காரா நீர்மின்சாரம் மலையிலிருந்து இறங்கி வந்தது. முதலில் ஆலைகளைச் சுழற்றிற்று. பிறகு கிணற்று மேட்டுக்கும் வந்தது. மோட்டாரும் பம்பும் செய்யும் தொழில் கோவையின் பெருமைகளுள் ஒன்றாக வளர்ந்ததற்கு அந்தக் கிணறுகளே காரணம். 1970-ல் மின்கட்டண உயர்வை எதிர்த்து நாராயணசாமி நாயுடு போன்றோர் உழவரைத் திரட்டியதும், பெருமாநல்லூரில் துப்பாக்கிச் சூட்டில் மூன்று உழவர்கள் மாண்டதும், 1972-ல் கோவை நகரத் தெருக்களைக் கட்டை வண்டிகள் அடைத்து நின்றதும், அந்தக் கிணற்று நீருக்காகத்தான். நம்மவர் ஆட்சியில் நடந்தது என்பதற்காக அந்த வரலாற்றை மறைத்துப் பேச வேண்டியதில்லை. 1990-ல் உழவர் அனைவருக்கும் இலவச மின்சாரம் வழங்கப்பட்டபோது, அந்தக் குருதிக்கும் ஒரு விடை கிடைத்தது.

இவ்வளவையும் முதலில் சொல்வதற்குக் காரணம் உண்டு. அந்த மண்ணில் வாழும் உழவனைப் பார்த்து, "உன் நிலம் உன்னுடையதே, பட்டாவும் உன் பெயரிலேயே இருக்கும், ஆனால் இந்தப் பட்டையில் இனிமேல் கிணறு தோண்டாதே, மரம் வைக்காதே, சாளை கட்டாதே" என்று ஒரு சட்டம் சொன்னால் அதன் பொருள் என்ன என்பதை, கிணற்றின் அருமை தெரியாதவர் உணர மாட்டார்கள்.

அந்தச் சட்டம் 1962-ல் பிறந்தது. பெட்ரோலியக் குழாய்வழிகளுக்காக நிலத்தில் பயன்பாட்டு உரிமை கொள்ளும் சட்டம் அது. அசாமிலும் குசராத்திலும் கண்டெடுத்த எண்ணெயைச் சுத்திகரிப்பு ஆலைகளுக்குக் கொண்டு செல்ல வேண்டியிருந்த காலம். நிலத்தை விலைக்கு வாங்கினால் செலவு மிகும், காலமும் நீளும் என்று எண்ணினர் டில்லியில் இருந்தோர். ஆகவே ஒரு நடுவழி கண்டனர். நிலம் உழவனிடமே இருக்கட்டும். நிலத்துக்கு அடியில் குழாய் பதிக்கும் உரிமையை மட்டும் அரசு எடுத்துக்கொள்ளட்டும்! 1977-ல் கனிமங்களுக்கும் அச்சட்டம் விரிந்தது.

கேட்பதற்கு நியாயமாகவே ஒலிக்கிறது. உழுவதை யாரும் தடுக்கவில்லையே என்பார்கள். உண்மைதான். குழாய் புதைந்த பிறகு மேலே சோளம் விதைக்கலாம், கொள்ளு விதைக்கலாம். ஆனால் சட்டத்தின் 9-ஆம் பிரிவைப் படித்தால் உண்மை விளங்கும். அந்தப் பட்டையில் கட்டடமோ வேறு கட்டுமானமோ எழுப்பக்கூடாது, குளமோ, கிணறோ, நீர்த்தேக்கமோ, அணையோ அமைக்கக்கூடாது, மரம் நடக்கூடாது. சுருங்கச் சொன்னால், தோட்டத்தைக் காடாக்கிக்கொள்ள உரிமை உண்டு; காட்டைத் தோட்டமாக்கிக்கொள்ள உரிமை இல்லை!

இதற்கு ஈடு எவ்வளவு? வெட்டிய மரத்துக்கும் அழிந்த பயிருக்கும் தனியே இழப்பீடு உண்டு. நிலத்தின் மீது என்றென்றைக்கும் விழும் தளைக்கு, அறிவிப்பு வெளியான நாளின் சந்தை மதிப்பில் நூற்றுக்குப் பத்து. ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். இரண்டு ஏக்கர் நிலம் சதுரமாக இருந்தால் ஒரு பக்கம் ஏறத்தாழ 90 மீட்டர். அதன் குறுக்கே 20 மீட்டர் அகலத்தில் குழாய்ப் பட்டை சென்றால், 1,800 சதுர மீட்டர், அதாவது 44 சென்ட் போய்விடும். ஏக்கர் 10 லட்சம் என்று வைத்துக்கொண்டால், அந்த 44 சென்ட்டின் மதிப்பு 4 லட்சத்து 40 ஆயிரம். உழவன் கையில் விழுவது 44 ஆயிரம். மிச்சமிருக்கும் நிலமும் குழாயின் இருபுறமும் இரு துண்டாகி நிற்கும். துண்டான நிலத்தை வாங்க வருபவர் என்ன விலை கேட்பார் என்பதைச் சட்டம் கணக்கில் கொள்ளவில்லை.

இந்தப் பின்னணியில்தான் கெயில் நிறுவனத்தின் எரிவாயுக் குழாய் கொங்கு நாட்டுக்குள் நுழைந்தது. கொச்சியில் இறங்கும் எரிவாயுவைக் கூற்றநாடு வழியாகப் பெங்களூருக்கும் மங்களூருக்கும் கொண்டு செல்லும் திட்டம். தமிழ்நாட்டில் ஏறத்தாழ 310 கிலோமீட்டர். கோவை, திருப்பூர், ஈரோடு, நாமக்கல், சேலம், தருமபுரி, கிருட்டிணகிரி என ஏழு மாவட்டங்கள். எரிவாயு வேண்டாம் என்று உழவர் சொல்லவில்லை. "நெடுஞ்சாலை ஓரமாகக் கொண்டு செல்லுங்கள், எங்கள் தோட்டத்துக்குள் வராதீர்கள்" என்றுதான் சொன்னார்கள். சாலையோரம் பதித்தால் பாதுகாப்பு இடர் உண்டு, சாலையை அகலப்படுத்த முடியாமற் போகும் என்பது நிறுவனத்தின் வாதம். உழவரின் வாதமோ எளிமையானது: சாலைக்கு ஆகாத இடர், வீட்டு வாசலுக்கு மட்டும் ஆகுமா?

வழக்கு உயர்நீதிமன்றம் சென்றது. உழவரின் குறைகளைக் கேட்குமாறு நீதிமன்றம் பணிக்க, 2013 மார்ச் திங்களில் கோவையில் ஏழு மாவட்ட உழவரையும் அழைத்து மாநில அரசு கருத்துக் கேட்டது. அதன் பின் முதலமைச்சர் ஜெயலலிதா சட்டமன்றத்தில் அரசின் முடிவை அறிவித்தார். விளைநிலத்தின் வழியே குழாய் வேண்டாம். நெடுஞ்சாலை ஓரம் செல்க. தோண்டிய குழிகளை மூடுக என்பதே அம்முடிவு. 2013 ஏப்ரல் 2-ஆம் நாள் தலைமைச் செயலாளரிடமிருந்து நிறுவனத்துக்கு ஆணை சென்றது. 'நிறுத்து' என்ற முதல் ஆணை அது. கொங்குச் சிற்றூர்களில் மகிழ்ச்சி பொங்கிற்று. அரசு தம் பக்கம் நின்றது என்று உழவர் நம்பினர். நம்பியதில் தவறும் இல்லை.

நிறுவனம் வழக்கு மன்றம் ஏறிற்று. 2013 நவம்பர் 25-ல் சென்னை உயர்நீதிமன்றம் மாநில அரசின் ஆணையை நீக்கித் தீர்ப்பளித்தது. மாநில அரசு உச்சநீதிமன்றத்துக்குச் சென்றது. வழக்கு நிலுவையில் இருக்கும்போதே, 2014 சூன் 27-ல், ஆந்திரத்துக் கிழக்குக் கோதாவரி மாவட்டத்தில் நகரம் என்னும் ஊரில் அதே நிறுவனத்தின் எரிவாயுக் குழாய் வெடித்தது. விடியற்காலை உறக்கத்தில் இருந்தோர் உட்பட, இருபதுக்கும் மேற்பட்ட உயிர்கள் கருகின. கொங்கு உழவரின் அச்சம் கற்பனை அன்று என்பதற்கு அதைவிடக் கொடிய சான்று வேண்டியதில்லை. ஆயினும் 2016 பிப்ரவரி 2-ல் உச்சநீதிமன்றம் மாநில அரசின் முறையீட்டைத் தள்ளுபடி செய்தது.

நீதிபதிகளைத் தூற்றுவது எளிது. அதனால் பயன் இல்லை. தீர்ப்பின் அடிப்படை என்ன என்று ஆராய்வதே அறிவுடைமை. பெட்ரோலியமும் அதன் பொருள்களும் அரசியலமைப்பின் ஏழாவது அட்டவணையில் ஒன்றியப் பட்டியலின் 53-ஆம் இனம். நிலம் மாநிலப் பட்டியலின் 18-ஆம் இனம். வேளாண்மை 14-ஆம் இனம். மண் நம்முடையது; மண்ணுக்கு அடியில் ஓடும் குழாய் டில்லியினுடையது! பாராளுமன்றம் இயற்றிய சட்டத்தின்படி, பயன்பாட்டு உரிமை முறையாக ஒப்படைக்கப்பட்ட பிறகு, அந்த வேலையை நிறுத்து என்று மாநில நிர்வாகம் எழுதும் ஆணைக்குக் கால் ஊன்ற இடமில்லை. நல்லெண்ணம் இருந்தது, மக்கள் ஆதரவு இருந்தது, சட்டமன்றத்தின் கைதட்டல் இருந்தது. இல்லாதது ஒன்றே ஒன்று, அதிகாரம்.

இப்போது இரண்டு தடையாணைகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள். மாநில அரசு குழாயை நோக்கி 'நிறுத்து' என்றது. அந்த ஆணை எட்டுத் திங்களில் உயர்நீதிமன்றத்தில் வீழ்ந்தது. மூன்றாண்டுகளுக்குள் உச்சநீதிமன்றத்தில் அடங்கிற்று. 1962-ஆம் ஆண்டுச் சட்டம் உழவனை நோக்கி 'நிறுத்து' என்றது. அவன் கிணற்றை, அவன் மரத்தை, அவன் மகனுக்காகக் கட்ட எண்ணிய சாளையை நிறுத்து என்றது. அந்த ஆணைக்கு அகவை அறுபதுக்கு மேல் ஆகிவிட்டது, அது அசையவில்லை. தனியார் நிலத்தில் கட்டுமானத்தை அரசு நிறுத்தலாமா என்று நாட்டில் பலர் வழக்காடுகின்றனர். மாளிகை கட்டுவோரின் வேலை ஒரு நாள் நின்றாலும் அந்தக் கேள்வி பெரிதாக ஒலிக்கிறது. உழவன் தன் நிலத்தில் ஒரு கிணறு வெட்டும் உரிமை ஊழிக்கும் நின்றுபோகும்போது, அது கட்டுமானத் தடை என்றே யாருக்கும் தோன்றுவதில்லை!

"ஓ, அப்படியானால் சொத்துரிமை தெய்வத்தன்மை வாய்ந்தது என்கிறீரா?" என்று ஒரு நண்பர் கேட்கக்கூடும். இல்லை; அப்படிச் சொல்லும் மரபு நம்முடையது அன்று. 1951-ல் அரசியலமைப்பு முதன்முதலாகத் திருத்தப்பட்டபோது, தமிழ் மண்ணில் பெரியார் எழுப்பிய வகுப்புரிமைக் கிளர்ச்சி அத்திருத்தத்தின் ஒரு பாதிக்குக் காரணமாயிற்று. மறுபாதி சமீன்தாரி ஒழிப்புக்குக் காவலாயிற்று. இரண்டையும் வரவேற்றவர்கள் நாம். 1961-ல் 30 தரநிலை ஏக்கர் என்று இருந்த நில உச்சவரம்பை 1970-ல் 15 ஆகக் குறைத்த ஆட்சியும் நம் இயக்கத்தின் ஆட்சியே. இருப்பவனிடம் எடுத்து இல்லாதவனுக்குக் கொடுப்பது சீர்திருத்தம். இரண்டு ஏக்கர் வைத்திருப்பவனிடம் எடுத்து, பல்லாயிரம் கோடி வணிகம் செய்யும் நிறுவனத்துக்கு நூற்றுக்குப் பத்து விலையில் கொடுப்பதற்கு என்ன பெயர்? முன்னதற்காக நாம் சொத்துரிமையைத் தளர்த்தினோம். 1978-ல் 44-ஆம் திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளிலிருந்தே நீக்கி, 300-அ என்ற ஒற்றைப் பிரிவில் ஒதுக்கி வைத்தது. பெருநிலக்கிழாருக்காகத் திறந்த அந்தக் கதவின் வழியே குழாய் புகுந்தது சிறு உழவனின் வீட்டுக்குள்.

இன்னொன்றையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும. நில உடைமையாளர் என்ற பெயரில் இழப்பீட்டுக்கு நிற்பவர் பட்டாதாரர் மட்டுமே. அந்தத் தோட்டத்தில் களை எடுத்தும், மஞ்சள் வெட்டியும், தேங்காய் உரித்தும் கூலி பெற்றவர்கள் பண்ணையத்து ஆட்கள். பெரும்பாலும் ஊருக்கு வெளியே ஒதுக்கி வைக்கப்பட்ட குடியிருப்புகளில் வாழ்வோர். தோட்டம் காடானால் முதலில் வேலை இழப்பவர் அவர்களே. அவர்கள் பெயரை எந்த அறிவிப்பும் எழுதவில்லை. எந்த மேடையும் உரக்கச் சொல்லவில்லை. தம் கிணற்றுக்காகக் குரல் கொடுக்கும் கொங்கு உழவர், அந்தக் கிணற்று நீரைத் தொடவிடாமல் ஒரு சாராரை நெடுங்காலம் தடுத்து வைத்த ஊர்கள் பல என்பதையும் நினைத்துப் பார்க்க வேண்டும். உரிமை என்பது தனக்குக் கேட்கும்போது இனிக்கும் சொல். பிறர்க்கு வழங்கும்போதுதான் அது அறம் ஆகும்.

சட்டத்தின் நடைமுறையிலும் ஓர் அநீதி உறைந்து கிடக்கிறது. நிலத்தில் உரிமை கொள்ளும் எண்ணத்தை மத்திய அரசிதழில் அறிவிக்க வேண்டும். 21 நாளுக்குள் நில உடைமையாளர் மறுப்புத் தெரிவிக்க வேண்டும். அந்த அரசிதழ் எந்த மொழியில் வருகிறது? இந்தியிலும் ஆங்கிலத்திலும். காங்கேயத்தில் கிளுவை வேலிக்குள் மாடு மேய்க்கும் குடியானவர் டில்லி அரசிதழைப் புரட்டிப் பார்த்து, 21 நாளுக்குள் மனு எழுத வேண்டுமாம்! மொழிச் சிக்கல் என்பது பள்ளிக்கூடத்துப் பாடத்தோடு முடிந்துவிடுவது என்று எண்ணுவோர் இதைக் காண வேண்டும். தாய்மொழியில் தெரிவிக்கப்படாத சட்டம், அறிவிப்பு இல்லாத சட்டத்துக்கு ஒப்பானது.

ஆயினும் நீதிமன்றக் கதவு முழுதும் மூடிவிடவில்லை. அதே 2016-ல், அக்டோபர் திங்களில், குசராத்து உழவர்கள் தொடுத்த வழக்கில் உச்சநீதிமன்றம் இச்சட்டத்தை ஆராய்ந்தது. சட்டம் செல்லும் என்றது. நூற்றுக்குப் பத்து என்ற ஈட்டையும் ஏற்றது. ஆனால் உழவரின் மறுப்பைக் கேட்டு முடிவு செய்யும் அதிகாரி, சட்டப் பயிற்சி பெற்றவராக, நீதித்துறையில் சார்பு நீதிபதிக்குக் குறையாத பதவி வகித்தவர் போன்ற ஒருவராக இருத்தல் வேண்டும் என்று வலியுறுத்திற்று. சிறு வெற்றிதான். ஆனால் 54 ஆண்டுகள் எவரும் கேட்காத கேள்வியைச் சில உழவர் கேட்டதால் கிடைத்த வெற்றி.

வெளிநாட்டுச் செய்தி ஒன்றும் நமக்குப் பாடமாகும். அமெரிக்காவில் பென்சில்வேனியாவிலிருந்து நியூஜெர்சிக்கு எரிவாயுக் குழாய் போட முனைந்தது பென்ஈஸ்ட் என்ற நிறுவனம். மாநிலத்துக்கு உரிமையான நிலங்களையே அது எடுக்க முயன்றது. நியூஜெர்சி மாநிலம் எதிர்த்தது. 2021 சூன் 29-ல் அந்நாட்டு உச்சநீதிமன்றம், ஐவருக்கு நால்வர் என்ற கணக்கில், நிறுவனத்தின் பக்கமே தீர்ப்பளித்தது. கொங்கு வழக்கின் உடன்பிறப்பு என்றே சொல்லலாம். ஆனால் முடிவு வேறு. மாநிலத்தின் கையில் நீர்வளம் போன்றவற்றுக்கு அனுமதி வழங்கும் சட்ட அதிகாரம் இருந்தது. அந்த அனுமதிகள் கிடைக்காத நிலையில், வழக்கில் வென்ற நிறுவனம் மூன்று திங்களுக்குள் திட்டத்தையே கைவிட்டது. நியூஜெர்சி வழக்கில் தோற்றும் மண்ணைக் காத்தது. தமிழ்நாடு மக்கள் மன்றத்தில் வென்றும் வழக்கில் தோற்றது. வேறுபாடு எங்கே இருக்கிறது? சட்டத்தில் வேர் உள்ள அதிகாரம் அங்கே இருந்தது. வேரில்லாத ஆணையே இங்கே இருந்தது.

இதைத்தான் மாநில சுயாட்சி என்ற சொல்லால் நம் இயக்கம் நெடுங்காலமாகப் பேசி வருகிறது. 1969-ல் கலைஞர் அரசு அமைத்த இராசமன்னார் குழு 1971-ல் அறிக்கை தந்தது. 1974-ல் தமிழ்நாடு சட்டமன்றம் தீர்மானம் நிறைவேற்றிற்று. அப்போது, "இது பதவி ஆசை, டில்லியோடு வீண் சண்டை" என்று ஏளனம் செய்தோர் உண்டு. கொங்கு உழவனின் கிணற்று மேட்டில் நின்று பார்த்தால், அது வீண் சண்டையா என்று விளங்கும். ஏழு மாவட்ட மக்களைக் கூட்டிக் கருத்துக் கேட்ட ஓர் அரசு, அந்தக் கருத்தை நிறைவேற்ற முடியாமல் நீதிமன்ற வாயிலில் கை பிசைந்து நின்றதே, அதுதான் சுயாட்சி இல்லாமையின் உருவம். 2025 ஏப்ரலில், ஓய்வு பெற்ற நீதிபதி குரியன் சோசப் தலைமையில் மத்திய மாநில உறவை ஆராயத் தமிழ்நாடு அரசு குழு அமைத்தபோது, இந்தப் பழைய கேள்வி மீண்டும் உயிர் பெற்றது. அந்த ஆராய்ச்சி பட்டியல்களையும் பிரிவுகளையும் மட்டும் புரட்டினால் போதாது. குழாய் ஓடும் காட்டையும் ஒருமுறை மிதித்துப் பார்க்க வேண்டும்.

குழாயோடு கதை முடியவும் இல்லை. ராய்கரிலிருந்து புகளூருக்கு 800 கிலோவோல்ட் மின்பாதை அமைத்தபோது, கொங்குக் காடுகளில் கோபுரங்கள் எழுந்தன. அதற்கு அப்போது கை கொடுத்தது வெள்ளைக்காரன் 1885-ல் இயற்றிய தந்திச் சட்டம்! தந்தி அனுப்பும் வழக்கமே 2013-ல் ஒழிந்தது. தந்திச் சட்டம் மட்டும் அதன் பிறகும் உழவன் நிலத்தில் கோபுரம் நட்டது. இருகூரிலிருந்து கருநாடகத்துத் தேவனகொந்திக்கு எண்ணெய்க் குழாய் பதிக்கும் திட்டத்திலும் உழவர் எழுப்பிய குரல் அதே பழைய குரல்தான்: சாலையோரம் கொண்டு செல்லுங்கள்.

வேண்டுவது என்ன? குழாயே வேண்டாம் என்பது அன்று. கோவை வார்ப்படப் பட்டறையின் உலைக்கும், வீட்டு அடுப்புக்கும் எரிபொருள் வேண்டும். அது எங்கேனும் ஒரு வழியே வந்தாக வேண்டும். வழியைத் தேர்ந்தெடுக்கும் முன் மாற்று வழிகளை ஊரார் முன்னிலையில், தமிழில், விளக்க வேண்டும். அந்தத் தேர்வில் மாநிலத்தின் ஒப்புதலுக்குச் சட்டத்திலேயே இடம் வேண்டும். ஒரே முறை பத்து விழுக்காடு வீசிவிட்டுப் போவதை விடுத்து, குழாயில் எரிவாயு ஓடும் ஆண்டுதோறும் வாடகை தர வேண்டும். வேலை இழக்கும் கூலி உழைப்பாளிக்கும் அதில் பங்கு வேண்டும். மாநிலத்தின் எல்லைக்குள் வாழும் மக்களின் விருப்பத்தை நிறைவேற்றும் அதிகாரம் அந்த மாநிலத்துக்கு வேண்டும்.

இவை பேராசைகள் அல்ல. தன் நிலத்தில் ஒரு கிணறு தோண்டிக்கொள்ள விரும்பும் மனிதனின் எளிய கோரிக்கைகள். பாறையை உடைத்து நீர் கண்டவர்கள் கொங்கு மக்கள். 1962-ஆம் ஆண்டுச் சட்டம் அந்தப் பாறையைவிடக் கடினமானது அன்று.